முதுகில் ஒரு காகித மீன்

பள்ளிப் பருவத்தில் நான் ஒரு தாயை ஏமாற்றினேன். இன்று ஏப்ரல் முதல் தேதி. பேத்தி என் சட்டையில் காகித மீனை ஒட்டியபோது, முதுகில் பசையின் ஈரம் பட்டு அது நினைவுக்கு வந்தது.

ஏமாற்றி விளையாடும் இந்த நாளில் பிரெஞ்சுக்காரர்கள் அடுத்தவர் முதுகில் காகித மீன் ஒட்டுவார்கள், பத்திரிகைகள் பொய்ச் செய்தி போடும் என்று புதுச்சேரியில் படித்த எங்கள் வாத்தியார் சொல்லியிருந்தார். அந்த ஆண்டு ஏப்ரல் முதல் தேதி மாலை, ஊராருக்குப் பேப்பர் வாசித்துக் காட்டிய நான், “நாளை முதல் நம் மலைக்கு பஸ்” என்று ஒரு பொய்ச் செய்தியையும் சேர்த்து வாசித்துவிட்டேன்.

மறுநாள் எங்கள் ஊர் முனியம்மாக்கா காய்ச்சல்காரப் பிள்ளையோடு பஸ்ஸுக்காக வெயிலில் நின்றிருந்தாள்.

“பஸ் வராதுக்கா. நான்தான் பொய் சொன்னேன்.”

“அடப்பாவி, உன் வெளையாட்டுக்கு என் புள்ளதான் கெடச்சானா?”

பிள்ளையை வாங்கிக்கொண்டேன். மலைக்குக் கீழே ஆலங்காயம் ஆஸ்பத்திரிவரை மாறி மாறிச் சுமந்தோம். வழியில் மீன் கதையையும் சொன்னேன். அவள் சிரிக்கவில்லை. பிள்ளை பிழைத்துக்கொண்டான்.

அடுத்த ஏப்ரல் முதல் தேதியில் நான் பேப்பரை விரித்ததும் ஊரே சிரித்தது. கேழ்வரகுக் கூழைத் தடவி என் முதுகில் மீன் ஒட்டியிருந்தாள் முனியம்மாக்கா.