அக்கா இழுத்து எழுதிய ‘அம்மா’

ஈரத் தேயிலைக் கொழுந்தின் பச்சை வாசம்... அதற்கு நடுவில் என் கையில் பட்டன் போன் ‘டிர்ர்’ என்று அதிரும்.

வட்டகொடைப் பக்கம் எங்கள் தோட்டத்தில் சிக்னல் கிடைத்த ஒரே இடம் கொழுந்து நிறுக்கிற கொட்டகை, மடுவம்தான். பள்ளிக்கூடம் விட்டதும் போனோடு அங்கே ஓடுவேன். இடுப்பில் படங்குச் சாக்கு கட்டி வரிசையில் நிற்கிற அம்மா, தூரத்திலேயே கேட்பாள்.

“அக்கா ஏதும் போட்டிருக்காளா?”

மலர் அக்கா ஒன்பதாம் ஆண்டோடு படிப்பை நிறுத்திவிட்டு, கொழும்பில் ஒரு புடவைக் கடையில் வேலைக்கு நின்றாள். நான் படிக்க வேண்டுமே, அதற்காகத்தான்.

அவள் அனுப்பிய மெசேஜ்களில் ஒன்று மட்டும் எழுத்து மாறாமல் எனக்கு நினைவிருக்கிறது.

“ammaaaaa saptingala?? inga kulire illa hahaha. ungala pakanum pola iruku maaaa”

எனக்கோ பரிசாகக் கிடைத்த அகராதி ஒன்று இருந்தது. அந்தத் திமிர்! அதில் இல்லாதது எனக்குச் சொல்லே இல்லை. வரிசையில் நிற்கிற மற்றப் பெண்களும் காது கொடுத்துக் கேட்பார்கள், மானம் போகும் என்று நானே திருத்தி வாசிப்பேன்.

“அன்புள்ள அம்மா, உணவு உண்டீர்களா? இங்கு குளிர் இல்லை...”

அம்மாவின் முகம் சுருங்கிவிடும்.

“என்னாடி, தொரைக்கு மனு எழுதுன மாதிரி படிக்கிற? எம்புள்ள இப்புடியா பேசுவா?”

“அவளுக்கு எழுதத் தெரியலம்மா. நாந்தான் சரியாக்கிப் படிக்கிறேன்.”

அந்தப் போனில் கொஞ்ச மெசேஜுக்குத்தான் இடம். புதுசு வர வேண்டுமென்றால் பழசை அழிக்க வேண்டும். அம்மா சொன்னதால், அழிக்கும் முன் ஒவ்வொன்றையும் ஒரு கொப்பியில் எழுதி வைத்தேன். எல்லாவற்றையும் திருத்தித்தான்.

அடுத்த வருஷம் டெங்குக் காய்ச்சலில் அக்கா போய்விட்டாள்.

இப்போது நான் ஹட்டனில் டீச்சர். போன வாரம் பாடம் தயார் செய்யும்போது வாசித்தேன்... ஆங்கில அகராதிகளில் lol, omg எல்லாம் ஏறிவிட்டனவாம். ஜனங்கள் எழுதுவதைப் பார்த்து அப்படியே குறித்து வைப்பதுதான் அகராதிக்காரர்களின் வேலையாம். எனக்கு அழுகையே வந்துவிட்டது. அம்மா அன்றைக்கு என்னிடம் கேட்டதும் அவ்வளவுதானே.

இன்றைக்கு வீட்டுக்குள்ளேயே சிக்னல் இருக்கிறது. கண்டவர்கள் அனுப்பும் குட்மார்னிங் எல்லாம் வருஷக்கணக்கில் போனில் கிடக்கிறது. அக்காவுடையது ஒன்றுகூட இல்லை. அவள் எத்தனை ‘a’ போட்டாள், எங்கே சிரித்தாள்... எதுவும் அந்தக் கொப்பியில் இல்லை.

நேற்று அக்காவின் திவசம். படையல் முடிந்ததும் வழக்கம்போல அம்மா கொப்பியைக் கொண்டுவந்து நீட்டினாள். ‘அன்புள்ள அம்மா’ என்று என் முத்தான கையெழுத்து. அதை விட்டுவிட்டு, “அம்மாஆஆ... சாப்டீங்களா?” என்று தொடங்கினேன்.

அம்மா கண்ணை மூடிக்கொண்டாள்.

“இன்னுங் கொஞ்சம் இழுடி... அவ இன்னும் இழுப்பா.”