சாட்சிக் கூண்டில் ஒரு கும்பிடு

இன்று ஹட்டன் கோர்ட்டில் என் மனைவி செல்லம்மா சாட்சி சொன்னாள். அந்தப் பெருமையை யாரிடமாவது சொல்லாமல் எனக்குத் தூக்கம் வராது.

கடைவீதி மாடியில் நாங்கள் நான்கைந்து குடும்பங்கள் வாடகைக்கு இருக்கிறோம். எங்களைக் காலி பண்ண வைப்பதற்காக, கட்டட முதலாளி ஃபியூஸைக் கழற்றிக்கொண்டு போய்விட்டார். நாங்கள் வழக்குப் போட்டோம்.

"இவர்கள் தேயிலைத் தோட்டத்து லயத்தில் பிறந்தவர்கள். மண்ணெண்ணெய்க் குப்பி லாம்பே போதும். கரண்ட் என்பது முதலாளி காட்டிய தயவு" என்று வாதாடினார் அவருடைய வக்கீலான புரொக்டர்.

அந்த நேரம் பார்த்து ஜன்னலெல்லாம் பனிமூட்டம் அடைத்துக்கொண்டது. பியூன் விளக்கைப் போட்டார். கூண்டில் நின்ற செல்லம்மா சட்டென்று கைகூப்பினாள்.

நீதவான் சிரித்தார். "என்னை ஏன் அம்மா கும்பிடுறீங்கள்?"

"உங்கள இல்லைங்க தொர, வெளக்க. வெளக்குப் போட்டா கும்பிடுறது எங்க பழக்கம். அங்க பாருங்க, மொதலாளியும் கும்பிடுறாரு."

எல்லோரும் திரும்பிப் பார்த்தோம். கூப்பிய கையை இறக்க அவருக்கு நேரம் போதவில்லை.

செல்லம்மா விடவில்லை. "கும்பிடுற வெளக்க அவரே அணைக்கலாமுங்களா?"

புரொக்டர் உட்கார்ந்துவிட்டார். பொழுது சாய்வதற்குள் ஃபியூஸைப் போட்டுவிட வேண்டும் என்று உத்தரவாயிற்று.

சாயங்காலம் முதலாளியே ஆளைக் கூட்டிக்கொண்டு மாடிக்கு வந்தார். பல்பு எரிந்தது. நாங்கள் எல்லோரும் கும்பிட்டோம்.

அவர் மட்டும் இரண்டு கைகளையும் கோட்டுப் பைக்குள் இறுக்கிப் பிடித்துக்கொண்டு நின்றார். குளிருக்காகவா? நீங்களே சொல்லுங்கள்.