ஜேடர்பாளையம் பரிசலும் அண்ணன் வாய் திறக்காத நாளும்

சென்ற மாதம் ஒரு புதன்கிழமை, சேலம் அம்மாபேட்டையிலிருந்து நானும் அண்ணனும் ஜேடர்பாளையம் காவிரித் தடுப்பணைக்குப் போனோம். ஞாயிறென்றால் கூட்டம், கூட்டமென்றால் எனக்குத் தலைக்குள் தறி ஓட ஆரம்பித்துவிடும். நான் ஆட்டிசம் உள்ளவள், வயது இருபத்தாறு. நாமக்கல்லில் ஒரு அலுவலகத்தில் வேலை கிடைத்திருந்தது. விடுதியில் தங்க வேண்டும். "அண்ணன் இல்லாம இவ எப்படி?" என்று அப்பா தயங்கினார். அதனால்தான் இந்தப் பயணம். நாள் முழுக்க அண்ணன் எனக்காக ஒரு வார்த்தைகூடப் பேசக்கூடாது. நான் சமாளித்துவிட்டால் அப்பா அனுப்புவார்.

காலை 6.40க்குப் புதிய பேருந்து நிலையத்தில் ஏறினோம். திருச்செங்கோடு சுமார் ஐம்பது கிலோமீட்டர், ஒன்றரை மணி நேரம். கண்டக்டர் அண்ணனைப் பார்த்தார். அண்ணன் ஜன்னலைப் பார்த்தான். "ரெண்டு திருச்செங்கோடு" என்று நான் சொல்லி முடிப்பதற்குள் அவனுக்கு வேர்த்துவிட்டது. பாவம், இருபது வருடமாக எனக்காகப் பேசிப் பழகிய வாய்! சங்ககிரியில் லாரி ஹாரன் காதைப் பிளக்கும். ஹெட்போனை மாட்டிக்கொண்டேன், கோட்டை மலை சத்தமில்லாமல் மிதந்து போனது.

திருச்செங்கோட்டில் இட்லி சாப்பிட்டு, அடுத்த பஸ்ஸில் ஒரு மணி நேரம். பத்து மணிக்கு அணைச் சத்தம் கேட்டது. ஏறாமல் இறங்காமல் ஒரே சீராக வரும் சத்தம். ஹெட்போனைக் கழற்றிப் பைக்குள் வைத்தேன்.

பரிசலுக்கு ஆளுக்கு நூறு ரூபாய். நடு ஆற்றில் பரிசல்காரர் துடுப்பை ஒரே பக்கமாகப் போட்டுச் சுழற்றினார். வானம், தென்னை, அண்ணன், மறுபடி வானம். எல்லாம் ஒன்றுக்குள் ஒன்று கரைந்தன. சின்ன வயதில் வீட்டுக்குள் நான் இப்படிச் சுற்றினால் திட்டு விழும். இங்கே அதற்குக் காசு வாங்குகிறார்கள்! என் கைகள் தானாகப் படபடத்தன. அடக்கத் தோன்றவில்லை. அவ்வளவு சந்தோஷம்.

அதைப் பார்த்துப் பரிசல்காரர் பயந்து நிறுத்திவிட்டார். "ஏனுங்க, அம்மிணிக்கு என்னங்க பண்ணுது?" என்று அண்ணனிடம் கேட்டார்.

அண்ணன் வாயைத் திறந்தான். "ஒடம்பு சரியில்லீங்க" என்பதுதான் எப்போதும் அவன் சொல்லும் பதில். என்னைப் பார்த்தான். மூடிக்கொண்டான்.

"என்கிட்டக் கேளுங்க" என்றேன், துடுப்பைப் பார்த்தபடி. "எனக்கு ஆட்டிசம். நோவெல்லாம் இல்லைங்க. சந்தோஷம் வந்தா கை இப்படித்தான் ஆடும்."

அவர் துடுப்பை மறுபடி தண்ணீரில் போட்டார். "அப்ப இன்னொருக்காச் சுத்தட்டுங்களா?"

நான்கு முறை சுற்றினார். அண்ணனுக்குத்தான் குமட்டியது.

போகிறவர்களுக்கு: வார நாளில் பதினொரு மணிக்குள் போய்விடுங்கள். ஆற்றில் வெள்ளம் வந்தால் பரிசல் ஓடாது, விசாரித்துக் கிளம்புங்கள். லைஃப் ஜாக்கெட்டைக் கேட்டு வாங்குங்கள். என்னைப் போல ஒருவர் உங்களோடு வந்தால், எங்கே உட்கார வேண்டும் என்று அவரிடமே கேளுங்கள். பதில் வரக் கொஞ்சம் நேரமாகலாம், காத்திருங்கள்.

மூன்று மணி பஸ்ஸில் திரும்பும்போது அண்ணனின் போன் அடித்தது. அப்பா. அவன் எடுத்து, எதுவும் பேசாமல் என்னிடம் நீட்டினான். நான் "அப்பா" என்றேன்.

"என்னிக்குச் சாமி வேலைல சேரணும்?" என்றார். என் வேலையைப் பற்றி அப்பா என்னிடமே கேட்டது அதுதான் முதல் முறை.

"திங்கக்கிழமைப்பா" என்றேன்.