டேப்பின் இரண்டு முனைகள்

புதூர்நாட்டில் எங்கள் சாமைக் காட்டை அளக்க வந்த சர்வேயர் குட்டையான மனிதர். கழுத்தில் ஈரத் துண்டு, கையில் மடக்கிய குடை. எதைச் சொன்னாலும் அந்தக் குடையை நீட்டித்தான் சொல்வார். வரப்போரப் பலாமரம் யாருடையது என்ற சண்டையில் நானும் பெரியப்பா மகனும் பேசிப் பல வருஷம் ஆகியிருந்தது.

"டேப்பு புடிக்க ஆளு இல்லீங்க. நீங்களே ஆளுக்கொரு முனை புடிங்க," என்றார்.

வேறு வழியில்லாமல் பிடித்தோம். ஒவ்வொரு முறையும் குடையை ஆட்டி, "சரியா வரல, இன்னொரு வாட்டி," என்றார்.

"இழுத்துப் புடிண்ணா!" என்று நான்தான் முதலில் வாய் திறந்தேன்.

"இன்னாடா, மாட்டையா இழுக்கச் சொல்ற?" என்று சரிவில் கீழே நின்ற அண்ணன் வெடுக்கென்று இழுத்தார். நான் சறுக்கிப் போய் அவர்மேல் மோத, இருவரும் சாமைக்குள் உருண்டோம். சிரித்த சிரிப்பில் எழ முடியவில்லை. மரம் அண்ணன் பக்கம் என்று சர்வேயர் சொன்னபோதும் எனக்குச் சிரிப்பு அடங்கவில்லை.

அவரை வழியனுப்ப ஜீப் வரை போனோம். பின் சீட்டில் மீசைக்காரர் ஒருவர் வாயைத் திறந்து தூங்கிக்கொண்டிருந்தார்.

"இவரு யாருங்க சார்?"

சர்வேயர் குடையை அவர் பக்கம் நீட்டினார். "டேப்பு புடிக்கிற ஆளுங்க."

முகத்தில் சிரிப்பின் சாயல்கூட இல்லை.