குழாய்க்காரர் மேடை ஏறிய விதம்

என் வீட்டுக்காரரிடம் இப்போது பத்திரிகைக்காரர்கள் வந்து, "நடிப்பை எங்கே கற்றுக்கொண்டீர்கள்?" என்று கேட்கிறார்கள். கழிவறைகளில் என்று சொல்ல அவருக்கு வெட்கம். எனக்கு அந்த வெட்கமெல்லாம் கிடையாது.

அவருக்குக் குழாய் ரிப்பேர் வேலை. ஸ்பானர் தூக்க, வால்வு மூட நானும் கூடப் போவேன். சுவரில் காதை ஒட்டி, கண்ணை மூடி, ஒழுகும் இடத்தைக் கண்டுபிடிப்பார். குறுக்கே யார் பேசினாலும் "உஷ்!" தான். எந்த வீட்டிலும் எங்களைச் சிரித்த முகத்தோடு வரவேற்றதில்லை. குளியலறை குளமாகி, "எல்லாம் உன்னாலதான்" என்று புருஷனும் பெண்டாட்டியும் குதறிக்கொள்ளும் நேரத்தில்தான் நாங்கள் போய் நிற்போம்.

ஒருநாள் நாடக அரங்கிலிருந்து அழைப்பு. ஒப்பனை அறைக்குள் தண்ணீர் இறங்குகிறதாம். அந்தப் பக்கம் நாடகம் ஓடிக்கொண்டிருந்தது. இவர் சுவரோடு காதை வைத்து, மூடிய கண் மூடியபடி நகர்ந்து நகர்ந்து ஒரு கதவு வழியாக மேடைக்கே போய்விட்டார். கண்ணைத் திறந்தால் ஒரு சோபா, ஒரு விளக்கு, உச்சக்கட்டச் சண்டையில் ஒரு தம்பதி. வேறு யாராயிருந்தாலும் விஷயம் புரிந்திருக்கும். இவருக்கு அது தினமும் பார்க்கிற வீடு.

"உஷ்! அம்மா, சண்டைய அப்புறமா வச்சுக்கங்க. எனக்குத் தண்ணி சத்தம் கேக்கணும்."

சுவரைத் தட்டினார். அது ஆடியது.

"என்ன சார், வீட்டைத் துணியில கட்டியிருக்கீங்க?"

அரங்கமே அதிர்ந்தது. கதவோரம் நின்ற எனக்குச் சிரித்துச் சிரித்து வயிறு புண்ணாகிவிட்டது.

இயக்குநரம்மா இவரை விடவில்லை. அவருக்கென்றே ஒரு காட்சி எழுதினார். இவரும் கண்ணாடி முன் நின்று புருவத்தை ஏற்றினார், இறக்கினார், வேண்டுமென்றே தடுக்கி விழுந்து பழகினார். மேடையில் அதையெல்லாம் செய்தபோது ஒரு ஈ எறும்புகூடச் சிரிக்கவில்லை. "இன்னும் ஒரே ஒரு தடவை பாக்கலாம்" என்றார் இயக்குநரம்மா.

வீட்டில் சாப்பிடாமல் உட்கார்ந்திருந்தார்.

"அன்னிக்கு அத்தனை பேரும் சந்தோஷப்பட்டாங்க. என் மூஞ்சியப் பாத்து யாரு அப்படி சந்தோஷப்பட்டிருக்கா, சொல்லு?"

நான் ஒருத்தி குத்துக்கல் மாதிரி பக்கத்திலேயே இருக்கிறேனே! கோபம் பொத்துக்கொண்டு வந்தது. அதைவிட அதிகமாக அழுகை வந்தது.

மறுநாள் அவர் மேடை ஏறுவதற்குள், ஒரு ரப்பர் குழாயோடும் தகர டப்பாவோடும் அந்தத் துணிச்சுவருக்குப் பின்னால் குந்திவிட்டேன். அவர் புருவத்தை ஏற்ற ஆரம்பித்ததும் குழாயிலிருந்து டப்பாவுக்குள் லேசாகத் தண்ணீர் விட்டேன். சொட்... சொட்...

புருவம் பாதியில் நின்றது. எழுதிக்கொடுத்த வசனம் போன இடம் தெரியவில்லை.

"உஷ்!" என்று அரங்கத்தையே அதட்டினார். காதைச் சுவரில் வைத்தார், சோபாவில் வைத்தார், கடைசியில், தன்னோடு நடித்தவரின் வயிற்றில் வைத்தார். நெடுநேரம் உற்றுக் கேட்டுவிட்டு, "இங்க இல்ல" என்றார். ஜனங்கள் நாற்காலியிலிருந்து வழுக்கி விழுந்தார்கள்.

திரை விழுந்ததும் பின்பக்கம் ஓடி வந்தார். டப்பாவைப் பார்த்தார். முழங்கைவரை நனைந்திருந்த என்னைப் பார்த்தார். இன்றைக்கு எனக்கு அர்ச்சனைதான் என்று நினைத்தேன். வெளியே கைதட்டல் ஓயவே இல்லை.

"நாளைக்கும் வருவியா?" என்று கேட்டார்.

"வராம?"

"எங்க உக்காரப்போறேன்னு மட்டும் எங்கிட்ட சொல்லிடாத."