ஊசியிலைத் தோரணம்
டேனிஷ் நகரமான ஹொல்ஸ்டெப்ரோவிலிருந்து பஸ்ஸில் முக்கால் மணி நேரம் போனால் நான் வேலை பார்த்த ஊர் வரும். ஒரு தேவாலயம், மூடிக் கிடந்த பாற்சாலை, ஒரு கடை, முப்பது வீடுகள், மிச்சமெல்லாம் வயல். அந்தக் காலத்தில் வெறும் பற்றைக்காடாகக் கிடந்ததைத் தங்கள் பூட்டன்மார்தான் கொத்தி விளைநிலமாக்கினார்கள் என்று என்னிடம் சொல்லாதவர் அங்கே இல்லை. கல்லறைக் கற்களில் இருந்த பெயர்கள்தான் தபால் பெட்டிகளிலும் இருந்தன. ஒருவரையொருவர் பிரியாமல் ஒரே மண்ணில் இத்தனை தலைமுறை! கேட்கக் கேட்க எனக்கு வயிறு எரியும்.

என் மனைவி யாழ்ப்பாணத்தில் இருந்தாள். கல்யாணமாகி நான்காம் மாதம் பிரிந்தவர்கள் நாங்கள். அவளைக் கூப்பிட விண்ணப்பம் போட்டு இரண்டு வருடமாகியும் பதில் இல்லை. என்னைப் போன்ற தமிழ் அகதிகளின் கோப்புகளை டேனிஷ் அரசாங்கத்தில் வேண்டுமென்றே கிடப்பில் போட்டிருந்தார்கள் என்பது பிறகுதான் தெரியவந்தது.

அப்படியிருக்க, என் பன்றிப் பண்ணை முதலாளிக்குக் கல்யாணமாகி இருபத்தைந்து வருடம் நிறைந்தது. அந்த ஊரில் அதற்கொரு வழக்கம் உண்டு. அயலவர்கள் கூடித் தம்பதியின் வாசலில் ஊசியிலைக் கிளைகளால் வளைவு கட்டுவார்கள். காலையில் வந்து பாட்டுப் பாடி அவர்களை எழுப்புவார்கள். கட்டுவதற்கு என்னையும் கூப்பிட்டார்கள்.

இடது பக்கம் என்னுடையது. எங்கள் ஊரில் நல்ல காரியத்துக்குக் கட்டும் தோரணத்தில் குருத்தோலையில் மடித்த குருவிகளின் தலை மேலே பார்க்கும், செத்தவீட்டில் கீழே பார்க்கும். நான் ஒவ்வொரு கிளையையும் நுனி கீழே தொங்கக் கட்டினேன். தெரிந்துதான் கட்டினேன். கட்டக் கட்ட மனம் குளிர்ந்தது.

பக்கத்துப் பண்ணைக்காரர் வந்து பார்த்தார்.

"உம்மட பக்கம் ஏன் நுனியெல்லாம் கீழ பார்க்குது?"

"எங்கட நாட்டில இப்பிடித்தான்" என்றேன், தெரிந்த டேனிஷில்.

அவர் சந்தோஷமாகத் தலையாட்டினார். மறுநாள் முதலாளியின் மனைவி அந்தப் பக்கத்தைத் தொட்டுப் பார்த்து எனக்கு நன்றி சொன்னாள். அவள் முகத்தை என்னால் பார்க்க முடியவில்லை. ஆனாலும் பொறாமை போகவில்லை.

கடைசியில் கோப்புகளைக் கிடப்பில் போட்ட விஷயம் வெளியே வந்து நாடே அதைப் பற்றிப் பேசியது. கோப்புகள் அசைந்தன. என் மனைவிக்கும் விசா கிடைத்தது. விமான நிலையத்திலிருந்து அவளைக் கூட்டிக்கொண்டு வந்து இறங்கியபோது, என் சின்ன வாடகை வீட்டின் முன்னால் ஊரே கொடியோடு நின்றது. வாசலில் பெரிய பச்சை வளைவு. இரண்டு பக்கமும், உச்சியிலும், எல்லா நுனியும் கீழே பார்த்துத் தொங்கின. பக்கத்துப் பண்ணைக்காரர் முன்னால் வந்து, "நாங்கள் உங்கட முறைப்படியே கட்டினனாங்கள்" என்றார். எல்லோரும் பாடத் தொடங்கினார்கள்.

என் மனைவி படியில் கால் வைக்கவில்லை. கையிலிருந்த பையைக் கீழே வைத்தாள்.

"இஞ்சேருங்கோ, இந்த வீட்டில ஆர் செத்தது?"

"ஒருத்தரும் இல்லை."

"அப்ப ஆர் இந்தச் சனத்துக்கு இப்பிடிக் கட்டச் சொல்லிக் குடுத்தது?"

பாட்டு முடிந்ததும் அவள் கீழே வைத்த பையைத் தூக்கினேன். பிறகு, "நான்தான்" என்றேன்.