சொல் மாற்றும் வேலை

மார்த்தாண்டத்தில் ஒரு பேக்கரிக்கு மேல்மாடியில் எனக்கு வேலை. ஒரு ஆங்கிலக் கட்டுரையைக் கையில் தருவார்கள். அதை இருபது முப்பது கட்டுரைகளாக ஆக்க வேண்டும். கருத்து மாறக்கூடாது, சொல் மட்டும் மாற வேண்டும். தமிழில் சொல்வதானால், 'பெரிய' என்று இருந்தால் 'பிரம்மாண்டமான' என்று போட வேண்டும், 'நோய்' இருந்தால் 'உடல்நலக் குறைவு'. இணையத் தேடலில் ஒவ்வொன்றும் புதிதாகத் தெரிந்தால் போதும். இதையெல்லாம் யார் படிப்பார்கள் என்று ஆரம்பத்தில் ஒருநாள் கேட்டுவிட்டேன்.

"படிக்கதுக்கு இல்ல பிள்ளே, சும்மா அங்க கெடக்கதுக்காக்கும்" என்றார் முதலாளி.

அதன்பின் நானும் படிப்பதை விட்டேன். மெத்தை, முடி உதிர்தல், நாய் வளர்ப்பு, எதுவானாலும் கை தானாக ஓடும். அந்த வேலையை வெறுத்தேன் என்று சொன்னால் கௌரவமாக இருக்கும். உண்மையில் நிம்மதியாகத்தான் இருந்தது.

அந்த வருடம் அப்பாவுக்குச் சோறு இறங்காமல் போனது. அவர் வாழைக்குலை வியாபாரி. சந்தையில் பத்துக் கடை தள்ளிக் கேட்கும் குரல் கொஞ்சம் கொஞ்சமாகக் காற்றாகிவிட்டது. திருவனந்தபுரம் கேன்சர் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். எங்கள் பக்கத்தில் அந்த நோயின் பெயரை யாரும் சொல்வதில்லை. 'அவருக்குத் திருவனந்தபுரம் போக்கு உண்டு' என்பார்கள். கேட்பவர்களும் மேற்கொண்டு கேட்பதில்லை.

டாக்டர் என்னை மட்டும் உள்ளே கூப்பிட்டார். இனிச் செய்வதற்கு ஒன்றுமில்லை, வீட்டில் வைத்துப் பார்த்துக்கொள்ளுங்கள், சில வாரங்கள்தான் என்றார். சரி என்று தலையாட்டிவிட்டு வந்தேன்.

அம்மாவிடம் "புண்ணு ஆறக் கொஞ்ச நாளாவும்" என்றேன். சித்தப்பாவிடம் "மருந்து கேக்குது". சர்ச்சில் விசாரித்தவர்களிடம் "ஜெபத்துல வச்சுக்கிடுங்க". ஆளுக்கொரு விதமாகச் சொல்ல எனக்குச் சிரமமே இல்லை, கைவந்த தொழிலாயிற்றே. அப்பாவிடம் ஒன்றும் சொல்லவில்லை. அவரும் கேட்கவில்லை.

அண்ணன் ஷார்ஜாவில் இருந்தான். வருடத்தில் ஒரே லீவு, அதைக் கிறிஸ்துமஸுக்கு எழுதிக் கொடுத்திருந்தான். கிறிஸ்துமஸுக்கு இன்னும் இரண்டு மாதம் இருந்தது. தினமும் போன் செய்வான். தினமும் ஏதாவது சொல்லுவேன். ஒருநாள் சாயங்காலம் அவனுக்குப் பொறுமை போய்விட்டது.

"நேத்து ஷீணம்னு சொன்ன, இன்னைக்கு டயர்டுன்னு சொல்லுத. ரெண்டும் ஒண்ணுதானே ஏட்டி? ஒழுங்காச் சொல்லு. இப்பமே டிக்கெட் போடட்டா, கிறிஸ்மஸுக்கு வந்தா போதுமா?"

அம்மா அடுக்களையில் கஞ்சி வடித்துக்கொண்டிருந்தாள். அப்பா கட்டிலில் கண்மூடிக் கிடந்தார். தூங்குகிறார் என்றுதான் நினைத்தேன்.

"கிறிஸ்மஸ் வரைக்கும் அப்பா இருக்கமாட்டாரு" என்றேன்.

அப்பா கண்ணைத் திறந்து என்னைப் பார்த்தார்.

"அவனை வரச்சொல்லு மக்கா" என்றார். குரல் வரவில்லை, உதடு அசைந்ததில் புரிந்துகொண்டேன். "அதுக்குத்தான் காத்துக் கெடக்கேன்."

அவர் கேட்டுவிட்டாரே என்று பதறியிருக்க வேண்டும். பதறவில்லை. அழுகையும் வரவில்லை. எல்லாம் மரத்துப்போயிருந்தது.

"அப்பா வரச்சொல்லுதாரு" என்று போனில் சொன்னேன். அந்தப் பக்கம் அண்ணன் அழத் தொடங்கினான். அவன் அழுது முடிக்கும்வரை போனைக் காதில் வைத்துக்கொண்டு நின்றேன்.

அந்த வாரமே வந்துவிட்டான். பெட்டியை முற்றத்தில் போட்டுவிட்டுச் செருப்போடு உள்ளே ஓடினான். அப்பா உயிரோடு இருந்தார்.